ஃபூலிஷ் வைவ்ஸ் (1922): போலிப் பிரபு, பாதியில் இறந்த நடிகர், எந்தப் பிரதியைப் போடலாம்?

திரைவட்டம்:

எங்கள் திரைப்படச் சங்கத்தில் அடுத்த மாதம் ஆள்மாறாட்டத்தை மையமாக வைத்த மௌனப்படம் ஒன்று போடுகிறோம். எரிச் வான் ஸ்ட்ரோஹைம் எழுதி, இயக்கி, நாயகனாகவும் நடித்த ஃபூலிஷ் வைவ்ஸ் என்று முடிவாகிவிட்டது. ரஷ்ய ராணுவக் கேப்டன், பிரபு என்றெல்லாம் சொல்லிக்கொண்டு மான்டே கார்லோவில் வாழும் கரம்சின் என்ற மோசடிக்காரன், அமெரிக்கத் தூதரின் மனைவி ஹெலனை வளைக்கப் பார்க்கும் கதை.

மூன்று விஷயம் தெரிய வேண்டும். கிடைக்கும் பிரதிகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு நீளமாக இருக்கின்றன, எதைப் போடுவது? தூதர் ஹியூஸாக நடித்தவர் படப்பிடிப்பின் நடுவிலேயே இறந்துபோய், வேறொருவரை வைத்து முடித்தார்களாம், அதைப் பார்வையாளர்களுக்கு எப்படிச் சுட்டிக்காட்டுவது? படத்துக்கு முன் பத்து நிமிடம் பேசவேண்டும், எதைச் சொல்லலாம், எதை விடலாம்?

ரீல்கணக்கு:

நீளக் குழப்பத்துக்குக் காரணம் இரண்டு. ஒன்று ஓட்டும் வேகம், இன்னொன்று வெட்டு. இரண்டையும் கலந்து பார்ப்பதால்தான் பலரும் தடுமாறுகிறார்கள்.

முதலில் வேகம். 35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம், அதாவது 16 தனிப் படங்கள். முழு ரீல் 1,000 அடி, ஆக 16,000 பிரேம். நொடிக்கு 18 பிரேம் ஓட்டினால் ஒரு ரீல் 14 நிமிடம் 49 நொடி. 20 ஓட்டினால் 13 நிமிடம் 20 நொடி. 24 ஓட்டினால் 11 நிமிடம் 7 நொடிதான். பத்து ரீல் படம் என்றால் 148, 133, 111 நிமிடம். ஒரு பிரேம்கூட வெட்டாமலேயே 37 நிமிடம் மாயமாகிவிடும்.

இனி வெட்டு. 1920 ஜூலையில் தொடங்கி 1921 ஜூன் வரை படம் எடுத்தார்கள். ஓடிய ஃபிலிம் 3 லட்சம் அடிக்கு மேல். ஸ்ட்ரோஹைம் தொகுத்து வைத்தது முப்பது ரீலுக்கு மேல். இரண்டு மாலைகளில் பிரித்துக் காட்டலாம் என்பது அவர் எண்ணம். படத்தைத் தயாரித்த யுனிவர்சல் நிறுவனம் ஒத்துக்கொள்ளவில்லை. அவர் கையிலிருந்து வாங்கி 14 ரீலாகச் சுருக்கி, 1922 ஜனவரி 11 அன்று நியூயார்க் சென்ட்ரல் தியேட்டரில் வெளியிட்டார்கள். அன்று மூன்றரை மணி நேரம் ஓடியது என்பார்கள். கணக்குப் போட்டுப் பாருங்கள்: 14,000 அடிக்கு 2,24,000 பிரேம், மூன்றரை மணி என்பது 12,600 நொடி. நொடிக்குச் சுமார் 18 பிரேம் வருகிறது. அந்தக் காலத்து வேகத்தோடு சரியாக ஒத்துப்போகிறது.

அதற்குப் பிறகு பொது வெளியீட்டுக்கு 10 ரீல். 1928இல் மறுவெளியீட்டுக்காக மறுபடி கத்தரி போட்டு, வசனத்தை எழுத்தில் காட்டும் டைட்டில் கார்டுகளையும் மாற்றினார்கள். பல காலம் அமெரிக்காவில் பார்க்கக் கிடைத்தது இந்தச் சிதைந்த உருவம்தான். 1972இல் ஆர்தர் லென்னிக் அமெரிக்கப் பிரதியையும் இத்தாலியில் தப்பிப் பிழைத்த பிரதியையும் ஒட்டி ஒரு மீட்பு செய்தார். 2022இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகமும் சான் பிரான்சிஸ்கோ மௌனப்பட விழா அமைப்பும் சேர்ந்து புதிதாக மீட்டன. அது சுமார் இரண்டரை மணி நேரம்.

என் பரிந்துரை 2022 மீட்புதான். கிடைக்காவிட்டால் 1972 வழி வந்த பிரதி. 24 பிரேம் வேகத்திலேயே பத்து ரீல் 111 நிமிடம் வரவேண்டும். ஆகவே 110 நிமிடத்துக்குக் கீழே இருக்கும் எந்தப் பிரதியும் 10 ரீல் வெளியீட்டைவிடக் குறைவானது. அதைத் தொடவேண்டாம்.

கைப்பிடி16:

ரீல்கணக்கு சொன்னதோடு திரையிடும் இடத்தில் கவனிக்க வேண்டியதையும் சேர்த்துக்கொள்கிறேன்.

வேகம் குறைந்த மௌனப்படத்தை 24 பிரேம் கோப்பாக மாற்றும்போது பிரேம்களைத் திரும்பக் காட்டி நிரப்புவார்கள். 18இலிருந்து 24 என்றால் ஒவ்வொரு மூன்று பிரேமுக்கும் ஒன்று இரட்டிக்கும். 20இலிருந்து 24 என்றால் ஐந்துக்கு ஒன்று. யாராவது கையை வேகமாக வீசும்போது ஒரு சின்ன உதறல் தெரியும். அது கோப்பின் பழுதில்லை. ஆனால் புரொஜெக்டரிலோ டிவியிலோ "அசைவை மென்மையாக்கும்" வசதி இயங்கினால், அந்த இரட்டித்த பிரேம்களுக்கு நடுவே இல்லாத அசைவைத் தானே உருவாக்கி ஓரங்களைக் குழைத்துவிடும். கரம்சின் கையுறையைக் கழற்றுகிற காட்சியெல்லாம் ரப்பர் பொம்மை மாதிரி ஆகிவிடும். மெனுவில் தேடி அதை முதலில் அணைத்துவிடுங்கள்.

ஃபிலிமிலேயே ஓட்டுவதாக இருந்தால், புரொஜெக்டரில் சுழன்று வெளிச்சத்தை விட்டுவிட்டு மறைக்கும் தகடான ஷட்டரைப் பாருங்கள். இரண்டு இதழ் ஷட்டரில் 18 பிரேம் ஓட்டினால் நொடிக்கு 36 மினுக்கல், கண் வலிக்கும். மூன்று இதழ் போட்டால் 54 ஆகும், மினுக்கல் அடங்கும். வெளிச்சம் கொஞ்சம் குறையும், பரவாயில்லை.

வெண்திரை:

இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். ஹியூஸாக நடித்தவர் ருடால்ஃப் கிறிஸ்டியன்ஸ், ஜெர்மானிய மேடை நடிகர். 1921 பிப்ரவரியில் நிமோனியாவில் இறந்தார். அதற்குள் ஏராளமான காட்சிகள் எடுத்தாகிவிட்டது, மறுபடி முதலிலிருந்து எடுக்கப் பணமும் இல்லை, காலமும் இல்லை. ராபர்ட் எடெசன் என்ற நடிகரை டூப்பாகப் போட்டார்கள். கேமராவுக்கு முதுகைக் காட்டியபடியே அவரை நிறுத்தி, கிறிஸ்டியன்ஸின் முகம் தெரியும் பழைய துண்டுகளை நடுநடுவே செருகினார்கள்.

மௌனப்படமாக இருந்தது இங்கே பெரிய உதவி. குரல் பொருந்த வேண்டிய கட்டாயமே இல்லை. உதடு அசைகிற பழைய க்ளோசப் ஏதாவது கிடைத்தால் போதும், அதன் பின்னால் எந்த டைட்டில் கார்டையும் ஒட்டலாம். இறந்தவர் ஒரு காட்சியில் பேசியது இன்னொரு காட்சியின் வசனமாக மாறிவிடும்.

பார்வையாளர்களிடம் சுட்டிக்காட்ட அடையாளங்கள் உண்டு. ஒன்று, ஹியூஸ் நிற்கும் நிலை. முகம் காட்டவேண்டிய தருணத்தில் ஒருவர் முதுகு காட்டி நிற்கிறார் என்றால் சந்தேகப்படுங்கள். அடுத்தது, எதிரே இருப்பவரின் முகம் வழக்கத்தைவிட நீண்ட நேரம் திரையில் நிற்கும். எதிர் ஷாட்டுக்கு முகம் இல்லாததால் முழுப் பாரமும் அடுத்தவர் மேல் விழுகிறது. மூன்றாவது, செருகிய க்ளோசப்பில் வெளிச்சம் வரும் திசை. பொது ஷாட்டில் இடப்பக்கம் வெளிச்சம் இருக்க, முகத்தில் வலப்பக்கம் விழுந்தால் அது வேறு நாளில், வேறு காட்சிக்காக எடுத்தது. பார்வைக் கோடும் அப்படித்தான், கண் எதிராளியின் உயரத்துக்குப் போகாமல் சற்று மேலோ கீழோ போகும்.

கறுப்புவெள்ளை:

வெண்திரை, ஒரு சந்தேகம். 1913லேயே ஒரே நடிகரை ஒரே பிரேமில் இரண்டு ஆளாகக் காட்டினார்களே. பிராக் நகர மாணவன் என்ற ஜெர்மன் படத்தில் நடிகர் பால் வெகெனர் தன் பிம்பத்தோடு எதிரெதிரே நிற்பார், ஒளிப்பதிவு குய்டோ சீபர். அந்த முறையில் கிறிஸ்டியன்ஸின் உருவத்தைப் புதிய காட்சிகளில் ஒட்டியிருக்கலாமே, ஏன் செய்யவில்லை?

கைப்பிடி16:

நல்ல கேள்வி. அந்த முறை எப்படி வேலை செய்கிறது என்று பார்த்தால் விடை தானாக வந்துவிடும்.

கேமராவை அசையாமல் இறுக்கிவிடுவார்கள். லென்ஸுக்கு முன்னால் பிரேமின் வலப்பாதியை மறைக்கும் கறுப்புத் தகடு. நடிகர் இடப்பக்கம் நடிப்பார். கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 பிரேம், நொடிக்கு இரண்டு சுற்று. எத்தனை சுற்று என்று உதவியாளர் சத்தமாக எண்ணிக்கொண்டே இருப்பார், எந்த எண்ணில் திரும்பினார், எந்த எண்ணில் கை நீட்டினார் என்று குறித்துக்கொள்வார். முடிந்ததும் லென்ஸை மூடிவிட்டு, அதே எண்ணிக்கை பின்னோக்கிச் சுற்றி ஃபிலிமைத் தொடக்கத்துக்குக் கொண்டுவருவார்கள். தகட்டை இடப்பக்கம் மாற்றுவார்கள். நடிகர் உடை மாற்றி வலப்பக்கம் வந்து, குறித்துவைத்த எண்களுக்கு ஏற்ப எதிர்வினை காட்டுவார்.

இதில் எது வேண்டுமானாலும் கெடலாம். முக்காலி ஒரு மயிரிழை நகர்ந்தால் நடுவில் கோடு விழும். தகடு லென்ஸுக்கு மிக அருகில் இருந்தால் விளிம்பு குழைந்து நடுவில் இருண்ட பட்டையோ வெளுத்த பட்டையோ வரும். வெளிப்புறமாக இருந்தால் இரண்டு தடவைக்கும் நடுவே சூரியன் நகர்ந்து நிழல்கள் இரண்டு திசையில் விழும். கேமராவின் பற்கள் ஃபிலிமைச் சரியாகப் பிடிக்காவிட்டால் இரண்டு பாதியும் தனித்தனியாக ஆடும். 1912இல் வந்த பெல் அண்ட் ஹவல் 2709 கேமராவுக்கு இந்த வேலையில் மதிப்பு கூடியதற்குக் காரணம், ஒவ்வொரு பிரேமையும் ஊசி வைத்து நிலைநிறுத்தும் அமைப்புத்தான்.

இப்போது விஷயத்துக்கு வருவோம். இந்த முறையில் இரண்டு பதிவும் கழுவாத ஒரே ஃபிலிமில் நடக்கவேண்டும். கிறிஸ்டியன்ஸ் நடித்த ஃபிலிமெல்லாம் எப்போதோ கழுவி நெகட்டிவ் ஆகிவிட்டது. அதன் மேல் இன்னொரு பதிவு ஏறாது. நெகட்டிவிலிருந்து நகல் எடுத்து ஒட்டலாம் என்றால், நகலெடுப்பதற்கென்றே செய்த நல்ல ஃபிலிம் 1920களின் நடுப்பகுதிக்குப் பிறகுதான் வந்தது. 1921இல் நகல் எடுத்தால் படத்தில் புள்ளிபுள்ளியான துகள் கூடி, நிழல் அடைத்து, பக்கத்து ஷாட்டோடு ஒட்டவே ஒட்டாது. உயிரோடு இருக்கும் நடிகரை இரண்டு ஆளாக்கலாம், இறந்தவரைத் திரும்பக் கொண்டுவர வழி இல்லை. மிஞ்சியது முதுகுதான்.

இன்னொன்று. அன்றைய ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது. சிவப்பு கறுப்பாகப் பதியும், நீலம் வெளுத்துவிடும். ஆகவே டூப்பின் தலைமுடி கண்ணுக்கு ஒரே நிறமாகத் தெரிந்தாலும் ஃபிலிமில் வேறாகப் பதியலாம். லேசான செம்பட்டைகூடக் கறுத்துப் போகும். முதுகு காட்டும் ஷாட்டில் தெரிவதே பின்தலையும் கழுத்தும் காதும்தானே, அதனால் சோதனை ஷாட் எடுத்துப் பார்க்காமல் டூப்பை நம்ப முடியாது.

தாமிரபரணி_கரை:

இந்தப் படத்தில் டூப் விவகாரத்துக்கு இவ்வளவு இடம் கொடுப்பது எனக்கு ஒப்பவில்லை. அது தயாரிப்பில் நேர்ந்த விபத்து. ஆள்மாறாட்டம் என்று சங்கத்தில் போடும்போது பேசவேண்டியது கரம்சின் எப்படி ஏமாற்றுகிறான் என்பதைத்தான். ஸ்ட்ரோஹைம் அதை மாறுவேடமாகவே காட்டவில்லை. ஒட்டுத்தாடி இல்லை, முகமூடி இல்லை. எல்லாம் கைவேலை.

ஹெலனோடு அறிமுகமாகும் காட்சியைப் பாருங்கள். ஹோட்டல் பையனுக்குக் காசு கொடுத்துத் தன் பெயரையே கூவி அழைக்கச் சொல்கிறான். "கவுண்ட் கரம்சின்" என்று அந்தப் பையன் மேசை மேசையாகக் கூவிக்கொண்டு வர, அது ஹெலன் காதில் விழுகிறது. அவன் வாயைத் திறந்து தன்னைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. பட்டத்தை இன்னொருவன் வாய் வழியாக வரவைத்துவிட்டான். மோசடியின் முழு நுட்பமும் அந்த ஒரு நிமிடத்தில் இருக்கிறது.

அடுத்தது வேலைக்காரி மருஷ்கா. தன்னைக் கல்யாணம் செய்துகொள்வதாகச் சொன்னது என்ன ஆயிற்று என்று அவள் கேட்கிறாள். பணக்கஷ்டம் என்று சொல்லிவிட்டு, விரலை நனைத்து, முகத்தைக் கையால் மறைத்துக்கொண்டு, சொட்டுச் சொட்டாக மேசைவிரிப்பில் விழவிடுகிறான். அவள் கண்ணுக்கு அது கண்ணீர். கேமரா நமக்கு மட்டும் விரலைக் காட்டுகிறது. வாழ்நாள் சேமிப்பை எடுத்துக் கொடுத்துவிடுகிறாள். டேல் ஃபுல்லரின் முகத்தை அந்த இடத்தில் கவனிக்கச் சொல்லுங்கள், படத்திலேயே உண்மையாக அழுகிற ஒரே ஆள் அவள்தான் என்பது என் எண்ணம்.

கூடவே இருக்கும் "இளவரசிகள்" ஓல்காவும் வேராவும் போலி, சூதாட்ட மேசைக்குப் போகும் நோட்டுகளும் வென்டுச்சி என்பவன் அச்சடிக்கும் கள்ளநோட்டு. போலி ஆளும் போலிப் பணமும் ஒரே வேலையைத்தான் செய்கின்றன, எதிரே இருப்பவர் கூர்ந்து பார்க்காதவரை செல்லும். ஸ்ட்ரோஹைம் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தது தற்செயல் இல்லை.

வெண்திரை:

ஒத்துக்கொள்கிறேன், ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். கைகளைப் பற்றித்தான் படம் என்றால் கைகளே இல்லாத ஒருவரை ஸ்ட்ரோஹைம் ஏன் வைத்தார் என்பதையும் பேசவேண்டும். மேலங்கி போர்த்திய ராணுவ வீரர் ஒருவர் வருவார். ஹெலன் கையிலிருந்து பொருள் கீழே விழும், அவர் குனிந்து எடுத்துக்கொடுக்க மாட்டார். என்ன மரியாதை கெட்ட மனிதர் என்று அவள் முகம் சுளிப்பாள். கரம்சினோ சல்யூட்டும் கைமுத்தமுமாகக் குழைவான். பின்னால் ஒரு கட்டத்தில் அந்த மேலங்கி நழுவும்போதுதான் தெரியும், அவருக்கு இரண்டு கைகளும் இல்லை. உண்மையான வீரனை மரியாதை தெரியாதவன் என்றும், போலியைக் கனவான் என்றும் இத்தனை நேரம் நினைத்திருந்தவள், அந்த மேலங்கியை எடுத்து அவர் தோளில் போர்த்திவிடுவாள். சிதைந்த பிரதிகளில் முன்பகுதிக் குறிப்புகள் வெட்டுப்பட்டால் இந்தக் காட்சி அந்தரத்தில் தொங்கும். முழுமையான பிரதியைப் போடச் சொல்வதற்கு எனக்கு இதுவே முக்கியக் காரணம்.

கறுப்புவெள்ளை:

ஊரும் டூப்தான் என்பதை மறந்துவிட்டோமே. மான்டே கார்லோ சதுக்கம், காசினோ, ஹோட்டல் முகப்பு எல்லாம் கலிஃபோர்னியாவில் யுனிவர்சல் சிட்டியில் கட்டினார்கள். கடல் தெரியும் பக்கத்தை அங்கே கட்ட முடியாது, கடல் இல்லை. அதை வடக்கே வெகுதூரம் தள்ளி, மான்டெரே அருகே பாயிண்ட் லோபோஸ் கரையில் தனியாகக் கட்டினார்கள். ஒரே கட்டடத்தின் முன்பக்கம் ஓரிடம், பின்பக்கம் இன்னோரிடம். கதாபாத்திரம் கதவைத் தாண்டினால் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் கடந்திருப்பார். கலை வடிவமைப்பில் ரிச்சர்ட் டே இருந்தார்.

செலவு 10 லட்சம் டாலரைத் தாண்டியதும் யுனிவர்சல் அதையே விளம்பரமாக்கியது. நியூயார்க் பிராட்வேயில் செலவுக் கணக்கைக் காட்டும் பெரிய பலகை வைத்து, ஸ்ட்ரோஹைம் பெயரின் முதல் எழுத்தை டாலர் குறியாகவே எழுதினார்கள். அப்போது ஸ்டுடியோவை நடத்திய இர்விங் தால்பெர்க்குக்கு இருபத்தொன்றோ இரண்டோதான் வயது. இயக்குநரே நாயகனாகவும் இருந்ததால் அவரை நீக்கவும் முடியாது, வேறு ஆளை வைத்து முடிக்கவும் முடியாது. ஹியூஸுக்கு டூப் போட்டது போல கரம்சினுக்குப் போட முடியாதே, முகம் இல்லாமல் அந்தப் பாத்திரம் இல்லை.

தாமிரபரணி_கரை:

அறிமுக உரையில் ஸ்ட்ரோஹைமின் சொந்த ஆள்மாறாட்டத்தைச் சொல்வதா வேண்டாமா என்பதுதான் எனக்குப் பெரிய கேள்வி. 1885இல் வியன்னாவில் யூதக் குடும்பத்தில் பிறந்தவர், தந்தை தொப்பி வியாபாரம். 1909இல் அமெரிக்கா வந்தவர் பெயருக்கு நடுவே "வான்" சேர்த்துக்கொண்டு, ஆஸ்திரியப் பிரபுக் குடும்பம், ராணுவ அதிகாரி என்றே கடைசிவரை சொல்லிவந்தார். ஹாலிவுட் நம்பியது. 1957இல் அவர் இறந்த பிறகுதான் பிறப்புப் பதிவு வெளியே வந்து உண்மை தெரிந்தது.

இதை முன்பே சொன்னால் படம் முழுக்க அவருடைய வாழ்க்கைச் சாட்சியாகச் சுருங்கிவிடும் என்பது என் பயம். 1922இல் பார்த்தவர்களுக்கு இது தெரியாது. அவர்களுக்கு எதிரே இருந்தது நிஜப் பிரபு ஒருவர் போலிப் பிரபுவாக நடிக்கும் படம். அந்த அனுபவத்தை முதலில் கொடுங்கள், படம் முடிந்து விவாதத்தில் சொல்லுங்கள்.

ரீல்கணக்கு:

எனக்கு மாற்றுக் கருத்து. இப்போது கைப்பேசியில் பெயரைத் தட்டினால் முதல் பத்தியிலேயே வந்துவிடுகிறது, மறைத்துப் பயனில்லை. சொல்லிவிட்டால் இன்னொரு இடம் கூர்மையாகத் தெரியும். ஹெலன் கையில் ஒரு புத்தகம் இருக்கும். அதன் தலைப்பு ஃபூலிஷ் வைவ்ஸ், எழுதியவர் எரிச் வான் ஸ்ட்ரோஹைம். அட்டை திரையில் தெளிவாகத் தெரியும். எதிரே நின்று அவளை ஏமாற்றிக்கொண்டிருப்பது அதே ஸ்ட்ரோஹைம். எழுத்தாளர் பெயரில் உள்ள "வான்" பொய் என்று தெரிந்தவருக்கு அந்தப் பிரேமில் போலியின் மேல் போலி அடுக்கடுக்காக நிற்கும்.

வெண்திரை:

ஒரு வழி உண்டு. உரையில் இரண்டே விஷயம் போதும்: 14 ரீல் எப்படி 10 ஆனது, ஹியூஸ் ஏன் முதுகு காட்டுகிறார். இவை தெரியாவிட்டால் பார்க்கிறவர் குழம்புவார், அல்லது இயக்குநருக்குத் தொழில் தெரியாது என்று நினைப்பார். வாழ்க்கை வரலாறு தெரியாவிட்டால் படம் எங்கேயும் தடைபடாது, அது பின்னால் வரட்டும். கோபுரத்தில் தீப்பிடிக்கும்போது கரம்சின் ஹெலனை விட்டுவிட்டு முதலில் கீழே விரித்த தீயணைப்பு வலையில் குதிக்கிறான் என்பதை மட்டும் தயவுசெய்து முன்கூட்டிச் சொல்லிவிடாதீர்கள். ராணுவச் சீருடை அவனிடமிருந்து கழன்று விழும் இடம் அதுதான், யாரும் கழற்றாமலேயே.

திரைவட்டம்:

இதுவே தெளிவான திட்டமாகிவிட்டது. வெண்திரை சொன்ன ஏற்பாட்டிலேயே போகிறோம், 2022 மீட்புக்குக் கேட்டு எழுதுகிறேன். கடைசியாக இரண்டு: இடைவேளை எங்கே விடலாம்? தீக்காட்சி ஏதோ வண்ணத்தில் இருக்கும் என்கிறார்களே?

கைப்பிடி16:

1922 வெளியீட்டில் தீக்காட்சியின் சுவாலைகளுக்கு குஸ்டாவ் பிராக் கையாலேயே வண்ணம் தீட்டினார். பிரேம் பிரேமாகத் தூரிகை வைத்துச் செய்யும் வேலை. ஒரு நிமிடக் காட்சிக்கே 18 வேகத்தில் 1,080 பிரேம். 2022 மீட்பில் அந்த வண்ணத்தைத் திரும்பக் கொண்டுவந்திருக்கிறார்கள். மற்றபடி முழுப் பிரேமுக்கும் ஒரே சாயம் ஏற்றிய பகுதிகள் இருக்கும். புரொஜெக்டரில் "உயிரோட்டமான நிறம்" மாதிரி எந்த அமைப்பும் வேண்டாம், சாயம் அடர்ந்து முகங்கள் மறைந்துவிடும். சினிமா அமைப்பில் வைத்து, ஒரு சாயமேற்றிய காட்சியையும் ஒரு தீக்காட்சியையும் ஓட்டிப் பார்த்து வெளிச்சத்தைச் சரிசெய்யுங்கள்.

இடைவேளைக்கு, புயலில் மாட்டிக்கொண்டு கிழவியின் குடிசையில் கழியும் இரவு முடிந்த பிறகு விடுங்கள். அதற்கு முன் விட்டால் கரம்சின் கண்ணாடியைச் சாய்த்துப் பிடித்து ஹெலனைப் பார்க்கும் இடத்தில் பதற்றம் அறுந்துவிடும். நேரலை இசை என்றால் வாசிப்பவருக்கு ஒரு வாரம் முன்னதாகவே அதே கோப்பைக் கொடுங்கள். வேறு பிரதியைப் பார்த்துப் பயிற்சி செய்தால், ரீல்கணக்கு போட்ட கணக்குப்படி ஒரு ரீலுக்கு இரண்டு மூன்று நிமிடம் விலகி, தீப்பிடிக்கும் நேரத்தில் அவர் இன்னும் சூதாட்ட மேசையில் இருப்பார்.